‘லேடி இன் சாட்டின்’: பில்லி ஹாலிடேயின் ஆல்பம் குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

இந்த ஆல்பத்தை நண்பர்களுக்குக் கேட்கக் கொடுத்தால், இரண்டாவது பாட்டு முடிவதற்குள் கேள்வி வந்துவிடும். “இந்த அம்மாவுக்கு உடம்பு சரியில்லையா?” என்பதுதான் பெரும்பாலும் முதல் கேள்வி. அதன் பிறகு வேறு கேள்விகள் ஒவ்வொன்றாக வரும். பல ஆண்டுகளாக வாய்மொழியாகச் சொல்லிவந்த பதில்களை இங்கே எழுதி வைக்கிறேன்.

இது என்ன ஆல்பம்?

அமெரிக்கப் பாடகி பில்லி ஹாலிடே 1958 பிப்ரவரியில் நியூயார்க்கில் பாடிப் பதிவுசெய்தது. அதே ஆண்டு கொலம்பியா நிறுவனம் வெளியிட்டது. பன்னிரண்டு பழைய காதல் பாடல்கள். ரே எல்லிஸ் என்பவர் இசைக்கோர்ப்பு செய்து, ஏறக்குறைய 40 பேர் கொண்ட இசைக்குழுவை நடத்தினார். பன்னிரண்டில் ஒன்றைக்கூடப் பில்லி அதற்கு முன் இசைத்தட்டில் பாடியதில்லை. கால் நூற்றாண்டு பாடிய பிறகு, தன் பழைய வெற்றிகளைத் திரும்பப் பாடிக் காசாக்காமல் புதிதாகப் பன்னிரண்டு பாடல்களை எடுத்துக்கொண்டார் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். அப்போது அவருக்கு வயது 42. அவர் உயிரோடு இருந்தபோது வெளிவந்த கடைசி ஆல்பம் இது. 1959 ஜூலை 17 அன்று இறந்துபோனார்.

‘ஸ்டாண்டர்ட்’ என்று சொல்கிறார்களே, அது என்ன?

அமெரிக்க மேடை நாடகங்களுக்கும் திரைப்படங்களுக்கும் வானொலிக்கும் எழுதப்பட்டு, அந்த நாடகமும் படமும் மறந்துபோன பின்னும் தங்கிவிட்ட பாடல்களுக்கு அந்தப் பெயர். ஒரு கீர்த்தனையை எந்த வித்வானும் எடுத்துப் பாடலாம் என்பதுபோல, ஒரு ஸ்டாண்டர்டை எந்தப் பாடகரும் எடுத்துக்கொள்ளலாம். முதலில் பாடியவருக்குத் தனி உரிமை எதுவும் கிடையாது. “நீங்கள் அதை எப்படிப் பாடுகிறீர்கள்?” என்பதுதான் கேள்வி.

அவை பிறந்த இடங்களைப் பார்த்தால் வியப்பாக இருக்கும். இந்த ஆல்பத்தில் உள்ள ‘யூ டோன்ட் நோ வாட் லவ் இஸ்’ என்ற பாடல், காதல் என்றால் என்னவென்று உனக்குத் தெரியாது, சோகத்தின் பொருளை அறிந்தால்தான் தெரியும் என்று சொல்லும் கனமான பாடல். 1941இல் அதை எழுதியது அபட், காஸ்டெல்லோ என்ற நகைச்சுவை இரட்டையரின் படத்துக்காக! ‘இட்ஸ் ஈஸி டு ரிமெம்பர்’ 1935இல் வந்த ‘மிசிசிப்பி’ படத்தில் பிங் கிராஸ்பி பாடுவதற்காக ராட்ஜர்ஸும் ஹார்ட்டும் எழுதியது.

இவற்றில் பெரும்பாலானவை 32 தாளக்கட்டுகள் கொண்டவை. ஒரு மெட்டு வரும், அதே மெட்டு திரும்ப வரும், நடுவில் வேறொரு மெட்டு, பிறகு மறுபடி முதல் மெட்டு. இந்தச் சட்டகம் கேட்பவருக்கு முன்பே பழகியிருப்பதால்தான் பாடகர் எந்த இடத்தில் விலகுகிறார் என்பது காதில் படுகிறது.

பில்லி ஹாலிடே ஜாஸ் பாடகியா, ப்ளூஸ் பாடகியா?

அவருடைய தன்வரலாற்றின் தலைப்பிலேயே ‘ப்ளூஸ்’ இருப்பதால் குழப்பம் வருகிறது. ப்ளூஸ் என்பது வெறும் சோகமான பாட்டு அல்ல. 12 தாளக்கட்டுகளில் அமைந்த ஒரு வடிவம். ஒரு வரியைச் சொல்லி, அதையே திரும்பச் சொல்லி, மூன்றாவது வரியில் முடிப்பது. அந்த வடிவத்தில் அவர் பாடியவை மிகக் குறைவு. 1936இல் ‘பில்லிஸ் ப்ளூஸ்’, 1939இல் ‘ஃபைன் அண்ட் மெல்லோ’, இன்னும் சில. அந்த இரண்டும் அவரே எழுதியவை. பாடியதில் பெரும்பகுதி ஸ்டாண்டர்டுகள்தான்.

ஆனால் ப்ளூஸ் அவருடைய குரலின் அடியில் எப்போதும் இருந்தது. சிறுமியாக பால்டிமோரில் வளர்ந்தபோது ப்ளூஸ் பாடகி பெஸ்ஸி ஸ்மித்தின் இசைத்தட்டுகளையும் ஜாஸ் கலைஞர் லூயி ஆம்ஸ்ட்ராங்கின் இசைத்தட்டுகளையும் கேட்டுத்தான் பாட்டு கற்றார். சுரத்தைச் சற்றே கீழே வளைப்பது, சொல்லின் முடிவில் குரலைச் சரியவிடுவது, பேச்சுக்கும் பாட்டுக்கும் நடுவில் நிற்பது எல்லாம் ப்ளூஸின் சொத்து. அதைக் காதல் பாட்டுக்குள் கொண்டுவந்தவர் அவர்.

அவருடைய குரல் ஏன் இப்படி இருக்கிறது?

நேராகச் சொல்கிறேன். குரல் சிதைந்துதான் இருக்கிறது. ஹெராயின், மது, சிகரெட், தூக்கமில்லாத ஆண்டுகள், நடுவில் ஒரு சிறைவாசம். 1947இல் போதைப்பொருள் வைத்திருந்ததற்காகத் தண்டிக்கப்பட்டு, மேற்கு வர்ஜீனியாவில் ஆல்டர்சன் என்ற ஊரில் உள்ள மத்திய சிறையில் இருந்தார். வெளியே வந்த சில நாட்களில் கார்னகி மண்டபத்தில் பாடினார். அரங்கம் நிரம்பியது. ஆனால் மது பரிமாறும் விடுதிகளில் பாடுவதற்கு நியூயார்க் காவல்துறை தரும் அனுமதி அட்டை அவருக்குத் திரும்பக் கிடைக்கவே இல்லை. ஜாஸ் அன்றாடம் வாழ்ந்ததே அந்த விடுதிகளில்தான். தன் சொந்த ஊரிலேயே தன் தொழிலைச் செய்ய முடியாமல் ஊர் ஊராக அலைந்தவருடைய குரல் இது.

மேல்சுரங்கள் மெலிந்துவிட்டன. நீண்ட சுரத்தைப் பிடித்து நிறுத்தும்போது மணல் உரசுவதுபோல ஒரு கரகரப்பு. மூச்சு சீக்கிரம் தீர்ந்துவிடுகிறது. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். அவருக்கு எந்தக் காலத்திலும் பெரிய குரல் இருந்ததில்லை. 1930களில் இளமையாகப் பாடியபோதும் ஒரு ஸ்தாயிக்குச் சற்று மேல்தான் அவருடைய எல்லை. பெரிய குரலை நம்பி அவர் தன் கலையைக் கட்டவில்லை. குரல் போனபோது கலை கூடவே போகாமல் இருந்ததற்கு அதுதான் காரணம் என்று நினைக்கிறேன்.

அப்படியானால் பரிதாபத்தில்தானே எல்லாரும் இதைப் புகழ்கிறார்கள்?

இந்தக் கேள்வி என்னைக் கொஞ்சம் கோபப்படுத்தும். ஆனாலும் கேட்பதில் நியாயம் உண்டு. நானே முதல் தடவை அப்படித்தான் கேட்டேன். ஒரு பெண் அழிந்துகொண்டிருப்பதை மறைவில் நின்று பார்ப்பதுபோல இருந்தது. நான்காவது பாட்டில் நிறுத்திவிட்டேன். பல மாதங்கள் கழித்துத் திரும்பப் போட்டபோது, சோகத்தை விட்டுவிட்டு அவர் எந்தச் சொல்லை எங்கே வைக்கிறார் என்று மட்டும் கவனித்தேன். அன்றுதான் கதவு திறந்தது.

முதல் பாட்டு ‘ஐ அம் எ ஃபூல் டு வான்ட் யூ’. உன்னை விரும்பும் நான் ஒரு முட்டாள் என்று தொடங்கி, அதே வரி உடனே மறுபடியும் வருகிறது. முதல் முறை ஒரு தகவலைச் சொல்வதுபோல வைக்கிறார். இரண்டாம் முறை அது தனக்குத்தானே சொல்லிக்கொள்ளும் வார்த்தையாகிறது. பாட்டின் முடிவை நெருங்கும்போது, என்மேல் இரக்கம் கொள் என்ற பொருளில் ஒரு வரி வரும். அந்த வரி யாரைப் பார்த்துச் சொல்லப்படுகிறது? விட்டுப்போன காதலனைப் பார்த்து. நம்மைப் பார்த்து அல்ல. இந்த ஆல்பத்தில் பில்லி ஹாலிடே நம்மிடம் எதையும் கெஞ்சவில்லை.

ஒரு பாட்டை ‘மறுவிளக்கம்’ செய்கிறார் என்றால், உண்மையில் என்ன செய்கிறார்?

மூன்று காரியங்களைச் சொல்லலாம். மூன்றும் ஒன்றோடொன்று பின்னியவை.

முதலாவது, காலம். எழுதிய தாளத்தில் எடுப்பு எங்கே வருகிறதோ அங்கே அவர் தொடங்குவதில்லை. தாளம் கடந்து போனபின், அவசரமில்லாமல் பின்னால் வருகிறார். வரி முடியும் இடத்தில் சரியாகப் போய்ச் சேர்ந்துவிடுகிறார், அல்லது சேராமல் அடுத்த வரிக்குள் நுழைந்துவிடுகிறார். சிறிய குழுவோடு பாடும்போது பியானோ கலைஞர் இந்த நகர்வை உணர்ந்து கூடவே வருவார். 1957 முதல் அவருக்குப் பியானோ வாசித்த மால் வால்ட்ரன் அதில் தேர்ந்தவர். அவர் இந்த ஆல்பத்திலும் இருக்கிறார். ஆனால் இங்கே வயலின்காரர்கள் எல்லாரும் தாளில் எழுதியிருப்பதை நடத்துநரின் கையைப் பார்த்து வாசிக்கிறார்கள். பாடகிக்காக அவர்களால் நிற்கவும் முடியாது, விரையவும் முடியாது. அசையாத தரை. அதன்மேல் அவர் ஒருத்தியாகத் தள்ளியும் முந்தியும் நடக்கிறார். மூச்சு குறைந்த ஒருவர் இதைத் தடுமாறாமல் செய்வது எவ்வளவு கடினம் என்று பாடுகிறவர்களைக் கேட்டுப் பாருங்கள்.

இரண்டாவது, மெட்டு. இசையமைப்பாளர் மேலே ஏற்றிய இடத்தில் அவர் பல நேரம் ஏறுவதில்லை. ஐந்தாறு சுரங்களில் போகவேண்டிய வரியை இரண்டு மூன்றுக்குள் சுருக்குகிறார். அதனால் பாட்டு கிட்டத்தட்டப் பேச்சாகிறது. மேல்சுரம் எட்டாததால் செய்தார் என்று சிலர் சொல்வார்கள். 1930களின் இசைத்தட்டுகளிலும், எட்டக்கூடிய வயதிலேயே, இதைச் செய்திருக்கிறார்.

மூன்றாவது, சொல். இதுதான் எனக்கு மிகப் பிடித்தது. ‘ஐ கெட் அலாங் வித்தவுட் யூ வெரி வெல்’ என்ற பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். நீ இல்லாமல் நான் நன்றாகத்தான் இருக்கிறேன் என்பது முதல் வரி. அடுத்து ஒரு ‘தவிர’ வருகிறது: மென்மழை பெய்யும்போது தவிர. பிறகு இன்னொரு ‘தவிர’. ஒவ்வொரு ‘தவிர’விலும் அந்த ‘நன்றாக’ ஒரு இழை பிரிந்துகொண்டே போகிறது. மோசமாகப் பாடுகிறவர் முதல் வரியிலேயே அழத் தொடங்கிவிடுவார். பில்லி முதல் வரியை, தெருவில் பார்த்த அறிமுகக்காரர் நலம் விசாரித்ததற்குப் பதில் சொல்வதுபோலச் சொல்கிறார். ‘வெல்’ என்ற கடைசிச் சொல்லை நீட்டாமல் கீழே வைத்துவிடுகிறார். அந்தச் சாதாரணத்தன்மைதான் பின்னால் வருவதைத் தாங்க முடியாததாக்குகிறது.

அந்தப் பாட்டுக்குப் பின்னால் ஒரு கதை உண்டாமே?

உண்டு. இசையமைப்பாளர் ஹோகி கார்மைக்கேலிடம் ஒரு பத்திரிகையிலிருந்து வெட்டியெடுத்த கவிதை இருந்தது. எழுதியவர் பெயருக்குப் பதிலாக ‘ஜே. பி.’ என்ற இரண்டு முதலெழுத்துகள் மட்டும். அதைத் தழுவிப் பாட்டு எழுதிவிட்டார். வெளியிடவேண்டுமானால் கவிஞரின் அனுமதி வேண்டும். வானொலியில் அறிவிப்புச் செய்து தேடினார்கள். கடைசியில் ஜேன் பிரவுன் தாம்ஸன் என்ற முதிய விதவை அவர் என்று தெரியவந்தது. 1939 ஜனவரியில் அந்தப் பாட்டு முதன்முறையாக வானொலியில் ஒலித்தது. அதற்கு முந்தைய நாள் அவர் இறந்திருந்தார். தன் வரிகள் பாட்டானதை அவர் கேட்கவே இல்லை.

இவ்வளவு வயலின் எதற்கு? சிறிய ஜாஸ் குழு போதாதா?

இதைக் கேட்காத ஜாஸ் ரசிகர் இல்லை. பதில் எளிது: அவர்தான் கேட்டார். ரே எல்லிஸின் ‘எல்லிஸ் இன் வொண்டர்லேண்ட்’ என்ற இசைத்தட்டைக் கேட்டு, அந்த ஒலி எனக்கு வேண்டும் என்று சொன்னவர் பில்லி. எல்லிஸ் ஜாஸ்காரர் அல்ல; ஜனரஞ்சகப் பாடகர்களுக்கு வாத்தியங்களை அமைத்துத் தந்தவர். கொலம்பியாவின் தயாரிப்பாளர் இர்விங் டவுன்செண்டே அந்தத் தேர்வைக் கேட்டு வியந்தார். ஆனால் இது திடீர் ஆசை அல்ல. 1944இல் டெக்கா நிறுவனத்தில் ‘லவர் மேன்’ பாடியபோதே வயலின்கள் வேண்டும் என்று வற்புறுத்திப் பெற்றவர் அவர்.

சில பாடல்களில் வார்த்தையில்லாமல் கூடவே வரும் பெண்குரல்கள் எனக்கும் அதிகப்படியாகவே படுகின்றன. ஆனால் வயலின்களை நான் குறைசொல்ல மாட்டேன். ஆல்பத்தின் பெயரில் உள்ள சாட்டின் வழவழப்பான பளபளக்கும் துணி. அந்தத் துணியின்மேல் உரசும்போதுதான் குரலின் சொரசொரப்பு முழுதாகத் தெரிகிறது. தவிர, உள்ளே ஜாஸ் இல்லாமலும் இல்லை. ட்ரம்போனில் ஜே. ஜே. ஜான்சனும் அர்பி கிரீனும், பேஸில் மில்ட் ஹின்டனும், டிரம்ஸில் ஓசி ஜான்சனும் இருக்கிறார்கள். எல்லாரும் முதல் வரிசைக் கலைஞர்கள்.

எங்கே பதிவு செய்தார்கள்?

மன்ஹாட்டனில் கிழக்கு 30ஆம் தெருவில் கொலம்பியாவின் ஒலிப்பதிவுக்கூடத்தில். முன்பு அது ஒரு தேவாலயம். உயர்ந்த கூரை, மரத்தரை. அடுத்த ஆண்டு ஜாஸ் ட்ரம்பெட் கலைஞர் மைல்ஸ் டேவிஸ் ‘கைண்ட் ஆஃப் ப்ளூ’ ஆல்பத்தைப் பதிவு செய்ததும் அங்கேதான். ஆல்பத்தில் வயலின்களைச் சுற்றி ஒரு விசாலமான காற்று இருப்பதுபோலத் தோன்றுகிறதே, அது அந்தக் கூரையின் கொடை.

ரே எல்லிஸுக்கே இந்த ஆல்பம் பிடிக்கவில்லை என்பது உண்மையா?

முதலில் பிடிக்கவில்லை. அதை அவரே பிற்காலத்தில் ஒளிக்காமல் சொன்னார். பதிவு முடிந்ததும் கட்டுப்பாட்டு அறையில் உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டபோது ஏமாற்றமாக இருந்ததாம். இசை இலக்கணத்தை மட்டும் காதில் வைத்துக் கேட்டேன், உணர்ச்சியைக் கேட்கவில்லை என்றார். சில வாரங்கள் கழித்து இறுதி வடிவத்தைக் கேட்டபோதுதான் பில்லி செய்திருப்பது எவ்வளவு பெரிய காரியம் என்று புரிந்ததாம்.

அவர் சொன்ன இன்னொன்றும் உண்டு. ஆல்பத்தின் முதல் பாட்டைப் பதிவுசெய்து ஒலிக்கவிட்டுக் காட்டியபோது, பில்லி நின்று கேட்டுக்கொண்டிருந்தார். கண்ணில் நீர் நிறைந்திருந்தது. பாடும்போது அல்ல, கேட்கும்போது.

ஃபிராங்க் சினாட்ராவுக்கும் இதற்கும் என்ன தொடர்பு?

முதல் பாட்டை எழுதியவர்களில் ஒருவராக சினாட்ராவின் பெயரும் இருக்கிறது. 1951இல் அதை அவர் பாடினார். அவருடைய 1955ஆம் ஆண்டு ஆல்பமான ‘இன் த வீ ஸ்மால் ஹவர்ஸ்’இல் உள்ள மூன்று பாடல்கள் இங்கேயும் இருக்கின்றன: ‘கிளாட் டு பி அன்ஹாப்பி’, ‘ஐ வில் பி அரவுண்ட்’, மேலே சொன்ன ‘ஐ கெட் அலாங்’. பில்லி சினாட்ராவின் வழியில் போனார் என்று இதை வைத்துச் சொல்வார்கள். ஆனால் 1958இல் ‘எபனி’ இதழில் சினாட்ராவே சொன்னது, தன்மேல் மிகப்பெரிய தாக்கம் செலுத்திய பாடகர் பில்லி ஹாலிடே என்று. தன்னிடம் கற்றவன் பாடிய பாடல்களை ஆசிரியை எடுத்துப் பாடிக் காட்டுகிறார். இரண்டு ‘கிளாட் டு பி அன்ஹாப்பி’களையும் அடுத்தடுத்துக் கேளுங்கள். சினாட்ரா நள்ளிரவில் தனியாக இருக்கும் ஒருவரை நம் கண்முன் நிறுத்துகிறார். பில்லி யாரையும் நிறுத்துவதில்லை. அவரே இருக்கிறார்.

சில பதிப்புகளில் பதினொரு பாடல், சிலவற்றில் பன்னிரண்டு. ஏன்?

‘த எண்ட் ஆஃப் எ லவ் அஃபேர்’ என்ற பாட்டுதான் காரணம். அந்தப் பாட்டு அவருக்குச் சரியாகப் பழகியிருக்கவில்லை. அதனால் இசைக்குழுவை மட்டும் முதலில் பதிவு செய்துவிட்டு, அதைக் கேட்டபடி பின்னர் அவர் தனியாகப் பாடினார். குரல் சேர்ந்தது மோனோ (ஒற்றைத்தட ஒலி) நாடாவில் மட்டும். ஆகவே 1958இல் மோனோ தட்டில் பன்னிரண்டு, ஸ்டீரியோ (இருதட ஒலி) தட்டில் பதினொன்று என்று வந்தது.

1997இல் வந்த குறுந்தட்டில் கூடுதல் பதிவுகளைச் சேர்த்தார்கள். அவருடைய நூற்றாண்டான 2015இல் மூன்று குறுந்தட்டுகளாக விரிவான பதிப்பு வந்தது. நடுநடுவே அவர் பேசுவது, தவறி நிறுத்துவது, மறுபடி தொடங்குவது எல்லாம் அதில் உண்டு. முதலில் அதைத் தொடாதீர்கள் என்பதே என் வேண்டுகோள். ஆல்பத்தைப் பத்து தடவை கேட்டபின் போங்கள். அப்போது அந்தத் தவறுகளில் ஒரு தொழிலாளி வேலை செய்வது கேட்கும். முதலிலேயே போனால் ஒரு நோயாளியின் குரல் மட்டும்தான் கேட்கும்.

‘ஸ்ட்ரேஞ்ச் ஃப்ரூட்’ இதில் இருக்கிறதா?

இல்லை. கறுப்பினத்தவர்களைக் கும்பல் தூக்கிலிட்டுக் கொன்றதைப் பற்றிய அந்தப் பாட்டை அவர் பதிவுசெய்தது 1939இல்.

ஆங்கிலம் சரளமாக வராது. ரசிக்க முடியுமா?

முடியும். இவர் பாடும் ஆங்கிலம் மிகத் தெளிவு, சொற்களும் எளியவை. ‘யூ ஹேவ் சேஞ்ச்ட்’இல் தொடங்குங்கள். நீ மாறிவிட்டாய் என்ற ஒன்றைத்தான் பாட்டு முழுக்கச் சொல்கிறது. அந்தச் சொல் ஒவ்வொரு முறை வரும்போதும் எப்படி வருகிறது என்று மட்டும் கவனியுங்கள். வேறு வேலை செய்துகொண்டே கேட்காதீர்கள்.

விமரிசகர்கள் என்ன சொன்னார்கள்?

இன்றுவரை இரண்டு கட்சி. வெளியிட்டிருக்கவே கூடாது என்பவர்கள் உண்டு. அவருடைய உச்சம் இதுதான் என்பவர்களும் உண்டு. மைல்ஸ் டேவிஸ் 1958இலேயே ஒரு பேட்டியில், பழைய பில்லியைவிட இப்போதைய பில்லியைக் கேட்கவே விரும்புகிறேன், இப்போது அவர் முதிர்ந்திருக்கிறார் என்றார். நான் அவர் பக்கம்.

இதற்குப் பிறகு என்ன ஆனது?

1959 மார்ச்சில் ரே எல்லிஸோடு இன்னொரு ஆல்பத்தைப் பதிவு செய்தார். மே மாத இறுதியில் மருத்துவமனையில் சேர்க்கப்பட்டார். படுக்கையில் கிடந்தவரையே போதைப்பொருள் வழக்கில் கைது செய்து, அறை வாசலில் காவலர்களை நிறுத்தினார்கள். எத்தனை முறை படித்தாலும் இந்த இடத்தை என்னால் அமைதியாகக் கடக்க முடிவதில்லை. அந்தக் கடைசி ஆல்பம் வெளிவந்தபோது அவர் இல்லை.

இதைக் கேட்டுவிட்டேன். அடுத்து எதைக் கேட்கட்டும்?

பின்னோக்கிப் போங்கள். 1937இல் பியானோ கலைஞர் டெடி வில்சன் குழுவோடு, லெஸ்டர் யங் சாக்ஸபோன் வாசிக்க, பில்லி பாடிய பதிவுகள். இருவரும் ஒருவர் வாக்கியத்தை மற்றவர் முடித்துவைப்பதுபோல இருக்கும். ‘லேடி டே’ என்று இவருக்குப் பெயர் வைத்தவர் லெஸ்டர். அவரை ‘பிரெஸ்’ (‘பிரெசிடென்ட்’ என்பதன் சுருக்கம்) என்று அழைத்தவர் இவர்.

அதன்பின், இந்த ஆல்பத்துக்குப் பத்து வாரங்களுக்கு முன், 1957 டிசம்பர் 8 அன்று சிபிஎஸ் தொலைக்காட்சி நேரலையாக ஒளிபரப்பிய ‘த சவுண்ட் ஆஃப் ஜாஸ்’ நிகழ்ச்சியில் வரும் ‘ஃபைன் அண்ட் மெல்லோ’வைப் பாருங்கள். கேட்பது மட்டும் போதாது, பார்க்கவேண்டும். பில்லி உயரமான முக்காலியில் உட்கார்ந்திருக்கிறார். சுற்றிலும் அந்தக் காலத்தின் பெரிய வாத்தியக்காரர்கள். லெஸ்டர் யங்குக்கு உடல்நிலை மோசம். தன் முறை வந்ததும் எழுந்து நின்று, 12 தாளக்கட்டுகள் மட்டும், சில சுரங்களிலேயே வாசிக்கிறார். கேமரா பில்லியின் முகத்துக்குத் திரும்புகிறது. அவர் லெஸ்டரைப் பார்க்கிறார். உதட்டில் ஒரு சிரிப்பு. ஒவ்வொரு சுரமும் எங்கே வந்து விழப்போகிறது என்று முன்பே தெரிந்தவர்போல, விழுந்ததும் தலையை மெல்ல அசைத்து ஒப்புக்கொள்கிறார்.